குளமில்லாத தவளை

அன்புள்ள ஐயா,

டர்பனின் சாட்ஸ்வர்த் பகுதியில், சில்வர்க்ளென் காட்டை ஒட்டியது எங்கள் வீடு. மழை பெய்தால் மாமரத்தடிச் சருகுக்குள்ளிருந்து 'வீப் வீப்' என்று சத்தம் வரும். ஏதோ பூச்சி என்றுதான் நினைத்திருந்தோம். போன வாரம் சருகை வாரும்போது, சுண்டுவிரல் நகத்தில் பாதிகூட இல்லாத குட்டித் தவளைகள்! பக்கத்தில் குளம் குட்டை எதுவும் கிடையாது. மழையோடு வானத்திலிருந்து விழுந்தவை என்கிறார் ஆயா. பாவம், பேசினில் தண்ணீர் வைக்கட்டுமா?

ஒரு வாசகி, டர்பன்

அன்புள்ள வாசகிக்கு,

பேசின் வேண்டாம். தண்ணீரை நம்பிப் பிறந்தவை அல்ல அவை.

நீங்கள் சொல்வதைப் பார்த்தால் புஷ் ஸ்குவீக்கர் என்றுதான் படுகிறது. நம் கடற்கரைக் காடுகளிலும் மரமடர்ந்த தோட்டங்களிலும் சருகோடு சருகாகக் கிடக்கும் பழுப்புத் தவளை. வளர்ந்தாலும் மூன்று சென்டிமீட்டர்தான். டர்பனைச் சுற்றியுள்ள நம் நேட்டாலில் உயிரினங்களைச் சேகரித்த ஸ்வீடன்காரர் வால்பெர்க்கின் பெயரை இதற்கு வைத்திருக்கிறார்கள். அவர் 1856இல் யானை தாக்கி இறந்தவர். யானையிடம் போனவரின் பெயர் இத்தனூண்டு தவளைக்கு!

தலைப்பிரட்டை நீந்தும், கால் முளைக்கும், வால் மறையும் என்று பள்ளியில் படம் வரைந்தோமே, அது இதற்குப் பொருந்தாது. பெண் தவளை ஈரச் சருகுக்கு அடியில் முட்டையிடும். உடம்பு சிறிதானாலும் முட்டை பெரியது, இரண்டரை மில்லிமீட்டர் இருக்கும். உள்ளே மஞ்சள் கரு நிறைய. அந்தக் கட்டுச்சோற்றை வைத்துக்கொண்டே குஞ்சு முழுவதும் வளர்ந்துவிடும். தலைப்பிரட்டையாகத் திரியும் பருவமே இல்லை. ஏறத்தாழ நான்கு வாரத்தில் முட்டையிலிருந்து தவளையாகவே வெளியே வரும். மழைக்குப் பிறகு ஆயா திடீரென்று பார்த்ததும் உண்மைதான். வந்த திசைதான் வேறு: மேலிருந்து அல்ல, கீழிருந்து.

இந்த வித்தை இதற்கு மட்டும் சொந்தமில்லை. ஈஸ்டர்ன் கேப் மாகாணத்தில், ஹாக்ஸ்பேக் மலைக்காட்டில் ஒரு பொடித் தவளை உண்டு. ஆண் தன் கெட்டியான மூக்கால் ஈரமண்ணைக் குடைந்து கூடு செய்யும், முட்டை அதற்குள். மண்ணுக்குள் வாழும் ரெயின் ஃபிராக்கின் கதை இன்னும் வேடிக்கை. பெண் உருண்டை, ஆணுக்கோ கை குட்டை. கட்டிப்பிடிக்க எட்டாது. அதனால் தோலில் சுரக்கும் பசையால் பெண்ணின் முதுகில் ஒட்டிக்கொள்ளும். அதன் முட்டைகளும் நிலத்தடியில்தான்.

'நுணலும் தன் வாயால் கெடும்' என்பார்கள். ஸ்குவீக்கரிடம் அது நடக்காது. அருகில் போனதும் கப்சிப். ஒரு முறை அரைமணி நேரம் குந்தியிருந்து முழங்கால் வலியோடு திரும்பியிருக்கிறேன்.

எனக்குக் கவலை தருவது நம் சுத்தம்தான். புரட்டாசி விரதத்துக்கு வீடு கழுவி, வளவெல்லாம் கூட்டி, சருகைக் குவித்துக் கொளுத்துகிறோம். இங்கே முதல் மழை இறங்கி இவை கத்தத் தொடங்குவதும் ஏறக்குறைய அந்தச் சமயத்தில்தான். முன்வாசலைத் தாராளமாகக் கூட்டுங்கள். மாமரத்தடியை மட்டும் விட்டுவிடுங்கள். வாரிய சருகு இன்னும் இருந்தால் அங்கேயே பரப்பிவிடுங்கள்.

அப்புறம், அடுத்த மழை இரவில் டார்ச்சோடு போய்ப் பாருங்கள். முன்னங்காலில் மூன்றாவது விரல் மட்டும் அநியாயத்துக்கு நீண்டிருந்தால் அது ஆண். படம் கிடைத்தால் எனக்கும் அனுப்புங்கள்.

அன்புடன்.