ஸ்னேப்புக்காக வாதாடிய நான் தோழியிடம் காரணம் கேட்கவில்லை

கதையில் துரோகம் செய்த பாத்திரத்தை மனமார மன்னிக்கும் ரசிகர்கள், தங்கள் குழுவில் ஒருவர் செய்த சிறு துரோகத்தை மட்டும் ஏன் மன்னிப்பதில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். நீங்களும் ஏதோ ஒரு குழுவிலிருந்து மனம் கசந்து வெளியேறியவராக இருக்க வேண்டும். நானோ வெளியேற்றியவள்.

2005-இல் வந்த ஹாரி பாட்டர் ஆறாம் நூலில் மந்திரப் பள்ளியின் தலைமையாசிரியர் டம்பிள்டோரை அப்பள்ளி ஆசிரியர் ஸ்னேப் கொன்றது முதல், 2007-இல் ஏழாம் நூல் உண்மையைச் சொல்லும்வரை, அவர் துரோகி அல்லர் என்று ஓயாமல் வாதாடியவர்களில் நானும் ஒருத்தி. டம்பிள்டோர் கடைசியாகக் கெஞ்சியது உயிர்ப்பிச்சை கேட்டு அன்று, தம்மைக் கொல்லச் சொல்லியே என்பது எங்கள் கட்சி. அக்காலத்தில் என்னுடன் சேர்ந்து ரசிகர் தொடர்கதை ஒன்றை எழுதிவந்த தோழி, எதிர்த்தரப்பினரைக் கேலிசெய்து நான் தனிமடலில் எழுதியிருந்தவற்றை அவர்களிடமே காட்டிவிட்டாள். "கொலைக்கும் ஒரு காரணம் இருக்கும், பொறுத்திருங்கள்" என்று ஊருக்கெல்லாம் சொன்ன நான், அவளிடம் காரணம் கேட்கவில்லை. அன்றிரவே குழுவிலிருந்து நீக்கிவிட்டேன்.

ஸ்னேப்பின் நினைவுகளைத் திறந்து காட்ட ஆசிரியர் ஓர் அத்தியாயத்தையே ஒதுக்கினார், தோழிக்கு அந்த வாய்ப்பு இல்லை என்று சமாதானம் சொல்லலாம். ஆனால் அவள் மனத்தை அவ்வாறு படித்திருந்தாலும் எனக்கு ஆறியிருக்காது. ஸ்னேப் என்னை எதுவும் செய்யவில்லையே! அவர் ஒட்டுக்கேட்டுக் கொடிய மந்திரவாதி வோல்டெமார்ட்டிடம் சேர்த்த தீர்க்கதரிசனத்தால் பெற்றோரை இழந்தவன் ஹாரி. வகுப்பில் அவரைக் கண்டு நடுங்கிய மாணவன் நெவில். ஹாரி தன் மகனுக்கு அவர் பெயரை வைத்தது மன்னிப்பு; அடிபடாத நாம் செய்ததற்கு, அவரைப் பிடித்துப்போனது என்பதைத் தவிர வேறு பெயர் இல்லை.

ஸ்னேப்பின் கொடுமைகளுக்கு வக்காலத்து வாங்குகிறாள் என்று சிலர் கிளம்புவார்கள். நெவிலை அவர் நடத்திய விதத்தை எந்த நினைவும் ஈடுசெய்யாது என்றுதான் அன்றும் சொன்னேன். பழைய விவாதங்களைப் படித்தவர்களுக்கு அது தெரியும்.

தோழியை நீக்கியதில் நான் அவசரப்பட்டேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். இருந்தாலும் அந்தத் தொடர்கதையை அவள் பின்னர் தன் பெயரில் மட்டும் முடித்து வெளியிட்டது முறையன்று. நெவிலிடம் ஸ்னேப் மன்னிப்புக் கேட்கும் பதினோராம் அத்தியாயம் முழுவதும் நான் எழுதியது.