ஷாங்காயின் ஊமைப்பட நாயகி

கேள்வி: பழைய சீன நடிகைகளில் உங்களைக் கவர்ந்தவர் யார்?
- ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: ருவான் லிங்யூ. யோசிக்கவே வேண்டாம். 1910இல் ஷாங்காயில் பிறந்தவர். தாயார் பெரிய வீட்டில் வேலைக்காரி. பதினாறு வயதில் நடிக்க வந்தார். ஆரம்பப் படங்களை விட்டுத்தள்ளுங்கள். லியன்ஹுவா பட நிறுவனத்துக்குப் போன பிறகுதான் அவர் யாரென்று தெரிந்தது.

1934இல் வந்த ‘தேவதை’யைப் பாருங்கள். ஊமைப்படம். இயக்குநர் வூ யோங்காங்குக்கு அதுதான் முதல் படம். மகனை வளர்ப்பதற்காக இரவில் தெருவில் நிற்கும் தாயாக வருகிறார். ரவுடி ஒருவன் அவளை மடக்கிவிடுகிறான். அழுவாள் என்று நினைத்தேன். மேஜைமேல் ஏறி உட்கார்ந்து சிகரெட் பற்றவைக்கிறாள்! பயம், அருவருப்பு, ‘போடா’ என்கிற அலட்சியம் மூன்றும் அந்தப் புகையில் இருக்கின்றன. வசனம் இருந்திருந்தால் கெடுத்திருப்பார்கள்.

அடுத்து ‘புதிய பெண்கள்’. தற்கொலை செய்துகொண்ட நடிகை அய் ஷியாவின் வாழ்க்கையைத் தழுவிய கதை. படத்தில் பத்திரிகைக்காரர்களைச் சாடியிருந்தார்கள், அவர்களுக்குக் கோபம். லிங்யூவின் முன்னாள் துணைவர் தொடுத்த வழக்கும் சேர்ந்துகொள்ள, அவருடைய அந்தரங்கம் தினமும் அச்சில் ஏறியது. (நானும் பத்திரிகைக்காரன்தான், எழுதும்போதே கூசுகிறது.) 1935 மார்ச் 8, மகளிர் தினத்தன்று, தம் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 24. வம்புப் பேச்சைக் கண்டித்து எழுத்தாளர் லூ சுன் அப்போது ஒரு கட்டுரையே எழுதினார்.

1991இல் வந்த ‘சென்டர் ஸ்டேஜ்’ படத்தில் ஹாங்காங் நடிகை மேகி சியூங் லிங்யூவாக நடித்து, 1992 பெர்லின் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். அதைப் பிறகு பாருங்கள், முதலில் ‘தேவதை’.