ஆசிய-அமெரிக்க இளைஞர்கள் குறைந்த செலவில் எடுத்த வெப் சீரிஸ்களில் எதைப் பார்க்கலாம்?

அடிதடி, கொலை, மர்மம் எதுவும் இல்லாமல் அன்றாட வாழ்க்கையை மட்டும் சொல்கிற தொடர் வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். ஒன்றுக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் 'பிரவுன் கேர்ள்ஸ்' பாருங்கள். 2017இல் வந்தது. ஏழே எபிசோட், எல்லாமே சின்னச் சின்னவை. ஒரே மாலையில் முடித்துவிடலாம்.

சிகாகோவில் இரண்டு தோழிகள். லைலா தெற்காசியக் குடும்பத்துப் பெண், எழுதுகிறவள். தனக்குப் பெண்கள் மேல் ஈர்ப்பு உண்டு என்பதை இப்போதுதான் தயங்காமல் ஒப்புக்கொள்ளத் தொடங்கியிருக்கிறாள். பட்ரீஷியா கறுப்பினப் பெண், இசைக்கலைஞர். எந்த உறவிலும் நிலைத்து நிற்க அவளால் முடியவில்லை. கதை அவ்வளவுதான். எழுதியவர் ஃபாத்திமா அஸ்கர் என்ற கவிஞர், இயக்கியவர் சாம் பெய்லி. அஸ்கருக்கும் பாடகி ஜமீலா உட்ஸுக்கும் இருக்கும் நிஜ நட்புதான் இதற்கு விதை. தொடரின் இசையிலும் ஜமீலாவுக்குப் பங்கு உண்டு. அந்த நெருக்கம் திரையில் தெரிகிறது. இரண்டு பேரும் ஒருத்தி மேல் ஒருத்தி சாய்ந்துகொண்டு பேசுகிறார்கள், பார்க்கிற நமக்கு "எங்கள் வீட்டில் இப்படித்தான்" என்று யாரும் பாடம் எடுப்பதில்லை. இவ்வளவு சிறிய தொடர், அமெரிக்கத் தொலைக்காட்சிக்கான எம்மி விருதுக்குப் பரிந்துரை ஆனது எனக்கு இன்னமும் பெரிய சந்தோஷம்.

இப்படிப்பட்ட தொடர்கள் ஏன் இணையத்தில் பிறந்தன என்பதற்குக் காரணம் இருக்கிறது. 1994இல் அமெரிக்காவின் ஏபிசி சேனலில் 'ஆல்-அமெரிக்கன் கேர்ள்' என்று ஒரு கொரிய-அமெரிக்கக் குடும்பக் கதை வந்து, ஒரே சீசனில் நின்றுபோனது. அதன் பிறகு அங்கே பெரிய சேனல் ஒன்றில் ஆசியக் குடும்பத்தை நடுவில் வைத்து ஒரு நகைச்சுவைத் தொடர் வர 2015 ஆகிவிட்டது. அது 'ஃப்ரெஷ் ஆஃப் த போட்'. நடுவில் இருபது வருஷம்! ஒரு தலைமுறையே டிவியில் தன் முகத்தைப் பார்க்காமல் வளர்ந்துவிட்டது. அவர்களில் சிலர் தாங்களே கேமராவைக் கையில் எடுத்தார்கள்.

அப்படி முதலில் எடுத்தவர்களில் வெஸ்லி சான், டெட் ஃபூ, பிலிப் வாங் மூவரும் முக்கியமானவர்கள். சான் டியேகோவில் கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் படிக்கும்போதே, 2003 வாக்கில், 'வாங் ஃபூ புரொடக்‌ஷன்ஸ்' தொடங்கிவிட்டார்கள். அப்போது யூடியூபே கிடையாது.

இவர்கள் எடுத்ததில் எனக்கு மிகவும் பிடித்தது தொடர் அல்ல, 2011இல் வந்த 'ஸ்ட்ரேஞ்சர்ஸ், அகெய்ன்' குறும்படம். ஒரு காதலை, முதல் சந்திப்பில் தொடங்கிப் பிரிவு வரை, கட்டம் கட்டமாகப் பிரித்துச் சொல்கிறார்கள். நடுவில், இருவருக்கும் எல்லாம் பழகிப்போய் நிம்மதியாக இருக்கும் ஒரு கட்டம் வரும். வில்லன் கிடையாது. மெதுவாக அலட்சியம் மட்டும் உள்ளே வருகிறது. அந்த இடம் என்னை உலுக்கிவிட்டது. நடிப்பவர்கள் ஆசியர்கள், ஆனால் கதை அதைப் பற்றியதே அல்ல. வெள்ளைக்கார நடிகர்களுக்கு எப்போதும் கிடைக்கிற அந்தச் சுதந்திரம் இங்கே இவர்களுக்கும் கிடைக்கிறது.

2018இல் இதே குழு எடுத்த 'யாப்பி' ஐந்து எபிசோட் தொடர். நல்ல வேலையில் செட்டிலான ஆசிய இளைஞனின் இன அடையாளக் குழப்பத்தை நேரடியாகவே பேசுகிறது. கேட்கிற கேள்விகள் நியாயமானவை. ஆனால் சில காட்சிகளில் வசனம் பட்டிமன்றமாகிவிடுகிறது என்பது என் கருத்து. அதனால் இதைக் கடைசியாகப் பாருங்கள்.

வாங் ஃபூ படைப்புகள் அவர்களுடைய யூடியூப் சேனலிலேயே இருக்கின்றன. 'பிரவுன் கேர்ள்ஸ்' மட்டும் பெரியவர்களுக்கானது, வீட்டில் குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்க வேண்டாம். அது பிடித்துப்போனால், அப்புறம் 'மிஸ் மார்வெல்' என்ற சூப்பர்ஹீரோ தொடரின் ஐந்தாவது எபிசோடையும் தேடிப் பாருங்கள். பிரிவினைக் காலத்துக்குப் போகும் அந்த எபிசோடை எழுதியதும் அஸ்கர்தான்.