புத்திஸ்ட்னா ஆளா, மதமா?

இங்கிலீஷ்ல புத்திஸ்ட்னா புத்தர் காட்டுன வழியில போற ஆளு, நம்ம தமிழ்ல பௌத்தர். மதத்துக்கு பேரு புத்திஸம். புத்தர்ங்கதே பேரு இல்ல, விழிச்சவர்னு அர்த்தம், சித்தார்த்த கௌதமருக்கு வந்த பட்டம். அதுக்குப் பின்னால இஸ்ட் சேத்தா அத பின்பத்துற ஆளு.

ஆனா புத்திஸ்ட் டெம்பிள், புத்திஸ்ட் மாங்க் (துறவி)னும் எழுதுறாங்களே, கோயில் எப்படி ஆளாகும்னு நிறைய பேருக்கு இங்கதான் குழப்பம். கன்னியாகுமரி பஸ் ஸ்டாண்ட்ல நின்னு பாருங்க, சூரிய உதயம் பாக்க வந்தவர டூரிஸ்ட்னு சொல்லுவோம், அவர் வந்து எறங்குன வண்டியையும் டூரிஸ்ட் பஸ்னுதான் சொல்லுவோம், பஸ்ஸு ஊர் சுத்திப் பாக்க வந்துச்சுன்னு யாரும் நெனைக்க மாட்டோம்லா, அதே கததான் இதுவும். தனியா நின்னா ஆளு, இன்னொரு சொல்லுக்கு முன்னால நின்னா பௌத்தம் சம்பந்தப்பட்டதுன்னு அர்த்தம். நிறைய பேருன்னா கடைசியில எஸ் சேரும்: புத்திஸ்ட்ஸ்.

எழுதும்போது முதல் எழுத்து எப்பவும் பெரிய எழுத்து, நடுவுல ரெண்டு டி (d), அப்புறம் ஹெச் (h): Buddhist. இந்த ஹெச்ச நம்ம பிள்ளைங்க நெறைய விட்டுடுறாங்க, எழுதிப் பழகுங்க.

இன்னொண்ணு, தியானத்துல உக்காந்துருக்க எல்லாச் சிலையும் புத்திஸ்ட் சிலை ஆகிடாது. கன்னியாகுமரி மாவட்டத்து சிதறால் மலையில பாறைய செதுக்கி வரிசையா இருக்கது சமணத் தீர்த்தங்கரர்கள், அதாவது சமண மதத்தோட பெரிய குருமார், தலைக்கு மேல பாம்பு படம் விரிச்சு நிக்கவரு பார்சுவநாதர், அங்க புத்திஸ்ட்னு இல்ல, ஜெயின் (சமணம்)னுதான் சொல்லணும்.