லேசருக்கு முன்பணம் கட்டுவதற்கு முன்

போன மாதம் கண்ணாடி வாங்குவது பற்றி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கேள்விகளில் முக்கால்வாசி, கண்ணாடியை ஒரேயடியாகக் கழற்றுவது பற்றியவை. லேசர் செய்ய எவ்வளவு காசு முடியும், காப்புறுதி தருமா என்றுதான் கேட்டிருக்கிறீர்கள். காப்புறுதிக் கிளை ஒன்றில் 11 வருடம் கிளெய்ம் பத்திரங்கள் பார்த்தவள் நான். அங்கே கண்டதை வைத்தே பதில் சொல்கிறேன்.

கேள்வி: அக்கா, நான் திருகோணமலை உப்புவெளியில் இருக்கும் ஆசிரியை, வயது 29. வலக்கண் மைனஸ் 4.5, இடக்கண் மைனஸ் 5. எட்டாம் வகுப்பிலிருந்து கண்ணாடி. கொழும்பில் ஒரு தனியார் ஆஸ்பத்திரியில், கண்ணின் பவரை லேசரால் திருத்தும் லேசிக் செய்ய ஆசை. எனக்கு அரச ஊழியருக்கான அக்ரஹார காப்புறுதி இருக்கிறது. கணவரின் கொம்பனியிலும் குடும்பத்துக்கு மருத்துவக் காப்புறுதி உண்டு. ஏஜென்டிடம் கேட்டால், "ஒப்பரேஷன்தானே, வரும்" என்கிறார். வளையலை அடகு வைத்துக் கட்டு, காசு வந்ததும் மீட்கலாம் என்கிறார் அம்மா. என்ன செய்ய?

பதில்: ரீச்சர், வளையல் இப்போதைக்கு அலுமாரியிலேயே இருக்கட்டும். காப்புறுதியிலிருந்து ஒரு சதமும் வராது என்று வைத்துக்கொண்டு கணக்கைத் தொடங்குங்கள். வந்தால் நல்லது.

மருத்துவக் காப்புறுதி நோய்க்கும் விபத்துக்கும் காசு கொடுக்கிறது. உங்களுடையது குறும்பார்வை, அதாவது தூரத்தில் இருப்பது மங்கலாகத் தெரிவது. கண்ணாடி போட்டால் தெளிவாகத் தெரிகிறது. அதை லேசரால் திருத்துவதைப் பெரும்பாலான பொலிசிகள் அழகுச் சிகிச்சை, பல் கட்டுவது போன்றவற்றோடு சேர்த்து விலக்குப் பட்டியலில் போட்டுவிடும். இன்னொரு தடையும் இருக்கிறது. பல பொலிசிகள் ஆஸ்பத்திரியில் தங்கிச் சிகிச்சை பெற்றால்தான் பணம் தரும். அல்லது ஒரே நாளில் முடியும் சிகிச்சைகளுக்கு ஒரு தனிப் பட்டியல் வைத்திருக்கும். லேசிக் ஒரு கண்ணுக்குப் பத்து, பதினைந்து நிமிட வேலை. அன்றே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். விலக்குப் பட்டியலில் பெயர் இல்லாவிட்டாலும் இந்த இடத்தில் தட்டுப்படும்.

ஏஜென்ட் சொன்னதைப் பற்றி என் வீட்டுக் கதையையே சொல்கிறேன். என் தம்பிக்கும் ஒருவர் இப்படித்தான் வாயால் சொன்னார், "எல்லாம் வரும்" என்று. அதை நம்பி கிரெடிட் கார்டில் கட்டி லேசிக் செய்துகொண்டான். பில், டயக்னோசிஸ் கார்ட் (ஆஸ்பத்திரி தரும் நோய்க் குறிப்பு) எல்லாம் ஒழுங்காக அனுப்பினான். ஆறு வாரத்தில் கடிதம் வந்தது: பார்வைக் குறைபாட்டைத் திருத்தும் சிகிச்சை விலக்கு, பணம் தர முடியாது. பொலிசிப் புத்தகத்தில் அந்த வரி ஆங்கிலத்தில், சின்ன எழுத்தில் முதலிலிருந்தே இருந்திருக்கிறது. கண் நன்றாகத் தெரிகிறது, ஆனால் அந்தக் கார்டின் வட்டி அவனை மூன்று வருடம் விடவில்லை. அக்காவாக இருந்தும் முன்கூட்டியே பார்த்துச் சொல்லவில்லையே என்று இன்றும் எனக்கு மனம் குத்தும்.

அதனால் நீங்கள் வாய்ப்பேச்சோடு நிற்க வேண்டாம். எழுத்தில் கேளுங்கள். கணவரின் கொம்பனியில் மனிதவளப் பிரிவு மூலம் ஒரு மின்னஞ்சல் போதும்: "குறும்பார்வைக்கான லேசிக் சிகிச்சை, இரண்டு கண், ஒரே நாளில் வீடு திரும்புவது. இதற்குக் கட்டணம் தரப்படுமா, எந்தப் பிரிவில், எவ்வளவு வரை?" வெறுமனே லேசர் என்று மட்டும் எழுதினால் எதிர்ப்பக்கம் வேறு ஏதோ நினைத்து ஆம் என்று சொல்லிவிடக்கூடும். லேசிக் கிடைக்காவிட்டால் வெளிநோயாளர் பிரிவில் கண்ணாடிக்கோ கண் பரிசோதனைக்கோ ஏதாவது உண்டா என்றும் கேளுங்கள். சில நிறுவனங்களின் குழுக் காப்புறுதியில் அப்படி ஒரு சிறு தொகை இருக்கும், கேட்காமலேயே வருடம் முடிந்துவிடும்.

அக்ரஹாரவைத் தேசிய காப்புறுதி நம்பிக்கை நிதியம் நடத்துகிறது. எந்த நன்மைக்கு எவ்வளவு என்று அட்டவணை போட்டுக் கொடுக்கும் திட்டம் அது. நீங்கள் கட்டும் சந்தாப் பிரிவைப் பொறுத்துத் தொகை மாறும். வலயக் கல்வி அலுவலகத்தில் அதைப் பார்க்கும் உத்தியோகத்தரிடம் உங்கள் பிரிவின் இப்போதைய அட்டவணையைக் கேட்டு, கண் என்று வரும் வரிகளை மட்டும் வாசியுங்கள். பெயர் இல்லாத சிகிச்சைக்குப் பணம் எதிர்பார்க்க வேண்டாம்.

ஒன்றை அழுத்தமாகச் சொல்கிறேன். "டயக்னோசிஸ் கார்டில் வேறு வருத்தம் எழுதித் தரச் சொல்லலாம்" என்று யாராவது யோசனை சொன்னால் அந்தப் பக்கமே போகாதீர்கள். அது மோசடி. பிடிபட்டால் அந்தக் கிளெய்ம் போவது மட்டுமில்லை, கணவரின் வேலையும் ஆபத்தில் விழும்.

சரி, கைக்காசில்தான் செய்வதென்றால்? முதலில் பரிசோதனைக்கு மட்டும் பணம் கட்டுங்கள். சிகிச்சைக்கு முன்பணம் அதற்குப் பிறகு. கருவிழியின் (கண்ணின் முன்பக்கத் தெளிந்த படலம்) நடுத் தடிப்பு பொதுவாக 540 மைக்ரோன் அளவில் இருக்கும்; ஆயிரம் மைக்ரோன் ஒரு மில்லிமீட்டர். லேசிக்கில் மேலே 110 மைக்ரோன் அளவுக்கு ஒரு மூடியைத் திறப்பார்கள். பிறகு ஒரு பவருக்கு ஏறத்தாழ 14 மைக்ரோன் வீதம் லேசர் சீவும். உங்கள் மைனஸ் 5க்கு 70. மிச்சம் 360. குறைந்தது 250 மிஞ்ச வேண்டும் என்பது விதி. ஆகவே சராசரித் தடிப்பு இருந்தால் உங்களுக்கு இடமுண்டு. அதே ஆஸ்பத்திரிக்கு 480 மைக்ரோனும் மைனஸ் 9உம் உள்ள ஒருவர் போனால் கணக்கு 244இல் நிற்கும், திருப்பி அனுப்பிவிடுவார்கள். தடிப்பு போதுமாக இருந்தும் கருவிழி கூம்பாக நீளும் குறை தெரிந்தால் செய்ய மாட்டார்கள். கண் வறட்சி அதிகமென்றாலும், ஒரு வருடமாகப் பவர் மாறிக்கொண்டிருந்தாலும், பிள்ளை வயிற்றில் இருந்தாலும், பால் கொடுத்துக்கொண்டிருந்தாலும் பொறுக்கச் சொல்வார்கள். கொன்டாக்ட் லென்ஸ் போடுகிறவர் பரிசோதனைக்கு ஒன்றிரண்டு வாரம் முன்பே கழற்றிவிட வேண்டும். இல்லாவிட்டால் அளவு பிழைக்கும், இரண்டாம் முறை கொழும்புக்குப் போக நேரும்.

பரிசோதனையில் தேறினால் மதிப்பீட்டை எழுத்தில் வாங்குங்கள். சொல்லும் விலை ஒரு கண்ணுக்கா இரண்டுக்குமா? மூடி திறப்பது பிளேடாலா லேசராலா? டொக்டர் கட்டணம், சொட்டு மருந்து, பிறகு வரும் பரிசோதனைகள் எல்லாம் அதற்குள்ளா? பவர் கொஞ்சம் மிஞ்சி மறுபடி லேசர் வைக்க வேண்டி வந்தால் எத்தனை மாதத்துக்குள் இலவசம்? நாளைக்கு மனம் மாறினால் முன்பணம் எவ்வளவு திரும்பும்? இவ்வளவையும் ஒரே தாளில், கையொப்பத்தோடு கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை. முகம் சுளிக்கிற இடத்தில் கட்டாதீர்கள்.

அதற்கு மேல் திருகோணமலைக் கணக்கு ஒன்று இருக்கிறது. பரிசோதனைக்கு ஒரு தடவை, சிகிச்சைக்கு ஒரு தடவை. அடுத்த நாள் பார்க்க வேண்டும், ஒரு வாரத்தில் மறுபடி, ஒரு மாதத்தில் மறுபடி. கூட வரும் ஆளோடு சேர்த்து இரவு ரயில் அல்லது பஸ், தங்கும் அறை, உங்கள் லீவு. கொழும்பில் இருக்கிறவருக்கு இல்லாத இந்தச் செலவையும் விலையோடு கூட்டிவிட்டுக் கண்ணாடியோடு ஒப்பிடுங்கள். இரண்டு வருடத்துக்கு ஒரு கண்ணாடி, ஒன்று 20,000 ரூபாய் என்று வையுங்கள். 16 வருடத்தில் 160,000 ரூபாய். 45 வயதுக்குள் வெள்ளெழுத்து வந்துவிடும், அப்போது வாசிக்கக் கண்ணாடி வேண்டும். ஆகவே உங்களுக்கு லாபக் காலம் ஏறக்குறைய அந்த 16 வருடம்தான். காசுக் கணக்கில் மட்டும் பார்த்தால் லேசிக் பெரும்பாலும் தோற்கும். ஆனால் காலையில் கண் விழித்ததும் சுவர் மணிக்கூடு தெளிவாகத் தெரிவதற்கு நீங்கள் ஒரு விலை வைக்கிறீர்களானால், அது ஒரு ஞாயமான ஆசைதான். சேமித்துச் செய்யுங்கள், அல்லது ஒரு சீட்டு எடுத்துச் செய்யுங்கள். அடகும் கார்ட் வட்டியும் வேண்டாம். வங்கியின் வட்டியில்லாத் தவணை என்றால், தொடக்கத்தில் ஒருமுறை கழிக்கும் கட்டணம் எவ்வளவு என்று கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்.

மாதத்தையும் பார்த்து எடுங்கள். லேசிக் செய்த முதல் சில மாதம் கண் வறளும். நம் ஊரில் கச்சான் காற்று வீசும் மாதங்களில் நல்ல கண்ணே எரியும். நானாக இருந்தால் ஓகஸ்ட் லீவில் செய்ய மாட்டேன், டிசம்பர் லீவுக்குத் தள்ளுவேன். முதல் சில வாரம் கடலிலும் இறங்க வேண்டாம், கன்னியா வெந்நீர்க் கிணற்றில் தலைக்கு வார்க்கவும் வேண்டாம்.

கேள்வி: நான் கிண்ணியா. உம்மாவுக்குப் பதினாலு வருடமாகச் சீனி வருத்தம். கண்ணின் பின்பக்கம் இரத்தம் கசிகிறது, லேசர் வைக்க வேண்டும் என்று சனல் பண்ணிய (காசு கட்டித் தனியாகக் காட்டிய) டொக்டர் சொல்கிறார். போன வருடம்தான் உம்மாவையும் சேர்த்து ஒரு பொலிசி எடுத்தேன். லேசருக்குக் காப்புறுதி இல்லை என்று கூட்டாளிமார் சொல்கிறார்கள். உண்மையா?

பதில்: தம்பி, அது வேறு லேசர். உங்கள் கூட்டாளிமார் சொல்வது கண்ணாடியைக் கழற்றும் லேசர். உம்மாவுக்கு வைப்பது சீனியால் பழுதான விழித்திரைக்கு. அது நோய்க்கான சிகிச்சை, லேசிக்கை விலக்கும் வரி அதற்குப் பொருந்தாது. ஆனால் உங்கள் பொலிசியில் தடுக்கப்போவது இன்னொரு வரி: பொலிசிக்கு முன்பே இருந்த வருத்தம். அதற்குக் காத்திருப்புக் காலம் எத்தனை வருடம் என்று பாருங்கள். விண்ணப்பத்தில் சீனி வருத்தத்தை எழுதினீர்களா? எழுதாமல் விட்டிருந்தால் கிளெய்ம் போடுமுன் கிளையில் போய் உண்மையைச் சொல்லிக் கேளுங்கள்.

ஆனால் தம்பி, அதற்காக ஒரு நாளும் பொறுக்க வேண்டாம். இந்த லேசர் போன பார்வையைத் திருப்பித் தராது, இருப்பதைக் காப்பாற்றும். அரசாங்க ஆஸ்பத்திரியில் இதற்குக் காசில்லை. டொக்டரின் கடிதத்தோடு திருகோணமலைப் பொது வைத்தியசாலைக் கண் பிரிவுக்கு இந்த வாரமே கூட்டிப் போங்கள். தேவையென்றால் மட்டக்களப்புக்கோ கொழும்பு தேசிய கண் வைத்தியசாலைக்கோ அங்கிருந்தே எழுதி அனுப்புவார்கள். வரிசை நீளம்தான், காலையில் வெள்ளனப் போக வேண்டும். இரத்தச் சீனி அளவு எழுதிய கொப்பியையும் கொண்டு போங்கள்.

கேள்வி: சென்னையில் இருக்கும் சித்தி மகள், அங்கே லேசர் மலிவு, 7.5க்கு மேல் பவர் இருந்தால் இன்சூரன்ஸும் தரும் என்கிறாள். எனக்கு மைனஸ் 8. அங்கேயே போய்ச் செய்யலாமா? (பாலையூற்று)

பதில்: அவள் சொல்வதில் உண்மை இருக்கிறது, உங்களுக்கு அது உதவாது என்பதுதான் குறை. இந்தியாவின் காப்புறுதி ஒழுங்குமுறை ஆணையம் வகுத்த பொது விலக்குகளில், 7.5 டயொப்டருக்குக் குறைந்த பார்வைக் குறைபாட்டைத் திருத்தும் செலவு ஒன்று. அதற்கு மேல் இருப்பவர்கள் அங்கே எடுத்த பொலிசியில் கேட்கலாம். உங்களிடம் இருப்பது இலங்கைப் பொலிசி. அது வெளிநாட்டுச் சிகிச்சையை ஏற்கிறதா என்பதே முதல் கேள்வி. பயணக் காப்புறுதி எடுத்துப் போனாலும், திட்டமிட்டுப் போய்ச் செய்யும் சிகிச்சைக்கு அது பொதுவாகப் பணம் தராது.

மதுரை அரவிந்த், சென்னை சங்கர நேத்ராலயா போன்ற கண் ஆஸ்பத்திரிகளுக்கு நம்மவர்கள் போய் வருவது புதிதல்ல, தமிழில் கதைத்துத் தெளிவு பெறலாம் என்பது பெரிய ஆறுதல். (இந்த லேசர் சிகிச்சையின் தொடக்கத்தில் ஒரு மதராஸ் பல்கலைக்கழக மாணவருக்கும் பங்குண்டு. அங்கே படித்துவிட்டு அமெரிக்காவில் ஐபிஎம் ஆய்வுகூடத்தில் வேலை பார்த்த ரங்கசாமி சீனிவாசன், 1981இல் விருந்தில் மிஞ்சிய வான்கோழி எலும்பில், இன்று லேசிக்கில் பயன்படும் எக்சைமர் லேசரைப் பாய்ச்சிப் பார்த்தார். சுற்றிலும் கருகாமல் சுத்தமாக வெட்டியது. கருவிழியில் அதை வைக்கலாம் என்ற துணிவு அங்கிருந்து வந்தது.) நீங்கள் கூட்ட வேண்டியது விமானம், விசா, குறைந்தது ஒரு வாரத் தங்கல், இந்திய ரூபாய் மாற்று விகிதம். அதைவிட, திரும்பி வந்து மூன்றாம் மாதம் கண் உறுத்தினால் யார் பார்ப்பார்? போகுமுன் இங்கே ஒரு கண் வைத்திய நிபுணரைக் கண்டு, பிறகு பார்க்கச் சம்மதமா என்று கேட்டுவிட்டு, சிகிச்சைக் குறிப்புகள் முழுவதையும் கையோடு வாங்கி வாருங்கள்.

மைனஸ் 8க்குக் கருவிழித் தடிப்பு இடம் தராவிட்டால் மனம் உடைய வேண்டாம். உள்ளே லென்ஸ் பொருத்தும் வழியும் உண்டு, ஆனால் விலை கூட. எந்த வழியில் செய்தாலும் விழித்திரையை ஒருமுறை சோதித்துக்கொள்ளுங்கள். பெரிய மைனஸ் பவரில் விழித்திரை கழலும் ஆபத்து கண்ணாடி போன பிறகும் அப்படியே இருக்கும்.

கேள்வி: அப்பா சீனக்குடாவில் ஒரு தனியார் கொம்பனியில் வேலை. கண்ணில் புரை. லேசர் ஒப்பரேஷன் என்றால் காப்புறுதி மறுக்குமா?

பதில்: ஊரில் லேசர் என்று சொன்னாலும், புரைக்கு வழக்கமாகச் செய்வது ஒலி அலையால் உடைத்து எடுத்து லென்ஸ் வைப்பது. புரை ஒரு நோய், காத்திருப்புக் காலம் முடிந்த பொலிசி பொதுவாகத் தரும், லென்ஸ் விலைக்கு மட்டும் உச்சவரம்பு இருக்கலாம். அப்பாவுக்கு ஈ.டி.எஃப். (ஊழியர் நம்பிக்கை நிதியம்) கட்டுகிறார்களா என்று பாருங்கள். கட்டினால் லென்ஸ் செலவுக்கு அந்தச் சபையிடமிருந்தும் உதவி கேட்கலாம். லென்ஸ் பெட்டியில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரையும் மூலப் பற்றுச்சீட்டையும் எறிந்துவிடாதீர்கள், இரண்டும் கேட்பார்கள். மறுப்புக் கடிதம் வந்தால், எந்த விதியின் கீழ் என்று எழுத்தில் கேட்டு, முதலில் காப்புறுதிக் கொம்பனியின் தலைமை அலுவலகத்துக்கு முறையிடுங்கள். அங்கும் சரிவராவிட்டால் கொழும்பில், இப்படியான முறைப்பாடுகளை விசாரிக்கும் காப்புறுதி ஒம்புட்ஸ்மன் இருக்கிறார். அவருக்கு எழுதும்போது அந்த மறுப்புக் கடிதத்தின் பிரதியை மறக்காமல் சேர்த்து அனுப்புங்கள்.