தலதா மாளிகைக்குப் பின்னால் போய்ப் பாருங்கள்

கேள்வி: கண்டிக்குப் போனால் தலதா மாளிகை, குளக்கரை, சாமான் வாங்க ஒரு சுற்று, அதோடு பஸ் ஏறிவிடுகிறோம். இந்த லீவுக்குப் பிள்ளைகளுக்கு வேறு என்ன காட்டலாம்? (வாசகி, அட்டன்)

பதில்: தூரமாகப் போகவே வேண்டாம். மாளிகைக்கு எதிரிலேயே நாத தேவாலயம், அதாவது நாத தெய்வத்தின் கோயில், இருக்கிறது. 14ஆம் நூற்றாண்டுக் கட்டடம், கண்டியில் இன்று நிற்பவற்றில் மிகப் பழையது. பக்கத்தில் பத்தினி தேவாலயம். பத்தினி என்றால் நம் கண்ணகிதான், சிங்களச் சனங்கள் அவளுக்கு விளக்கேற்றிக் கும்பிடுவதைப் பிள்ளைகள் கட்டாயம் பார்க்கட்டும். கதிர்காம தேவாலயம் டவுனுக்குள் கடைகளுக்கு நடுவில் இருப்பதால் சாமான் பையோடு அந்த வாசலைக் கவனிக்காமலே கடந்து போயிருப்பீர்கள். உள்ளே இருப்பவர் முருகன்.

மாளிகையை ஒட்டிய மரத்தூண் மண்டபம்தான் மகுல் மடுவ. 1815 மார்ச் 2ஆம் திகதி கண்டி இராச்சியத்தை வெள்ளைக்காரரிடம் ஒப்படைத்த கண்டி ஒப்பந்தம் நடந்த இடம், அதில் சில பிரதானிகள் தமிழ் எழுத்தில் கையெழுத்திட்டார்கள். அதோடு ஆட்சியை இழந்த ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் மதுரை நாயக்கர் வழி வந்தவன், இயற்பெயர் கண்ணுசாமி, நீங்கள் சுற்றி வரும் அந்தக் குளத்தை வெட்டுவித்தவனும் அவன்தான். வேலூருக்கு நாடு கடத்தப்பட்டு, 1832இல் அங்கேயே இறந்து போனான்.

அப்புறம் மாளிகைக்குப் பின்னால், தேசிய அருங்காட்சியகத்தை ஒட்டி மேலே ஏறினால் வெள்ளைக்காரர்களின் பழைய கல்லறைத் தோட்டம். கண்டி ஒப்பந்தத்தை முன்னின்று நடத்திய ஜோன் டொயிலி, 1856இல் யானை அடித்து இறந்த ரொபர்ட்சன், காய்ச்சலில் போன வாலிபர்கள், கைக்குழந்தைகள் என்று பலருக்கும் பெயர், வயது, சிலருக்கு இறந்த காரணம் கூடக் கல்லில் இருக்கிறது. அதே காலத்தில் தென்னிந்தியாவிலிருந்து கூலி வேலைக்கு வந்து மன்னாரில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைக்கு நடந்து வந்த நம் பாட்டன் பூட்டன்மார் வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் வழியெல்லாம் செத்து விழுந்தார்கள், அவர்களுக்கு ஒரு கல் கிடையாது. கண்டியைச் சுற்றிக் கோப்பித் தோட்டம் போட்டது அவர்களுடைய கைகள். இதைப் பிள்ளைகளுக்கு அங்கே நின்றே சொல்லுங்கள்.

கேள்வி: சின்னப் பிள்ளைகளைக் கல்லறைக்குக் கூட்டிப் போகலாமா? (அதே வாசகி)

பதில்: தாராளமாக. மரநிழலான அமைதியான இடம், பயப்பட ஒன்றுமில்லை. காலையிலேயே போங்கள், பின்னேரம் மழை பிடித்தால் ஏற்றம் வழுக்கும். திரும்பும்போது கட்டுக்கலைப் பிள்ளையாரையும் கும்பிட்டுவிட்டு பஸ் ஏறலாம்.