வழித்துணை: கல் கூம்புகளின் நாட்டுக்கு மலிவுப் பேருந்தில்

துருக்கியின் நடுவே இருக்கும் கப்படோக்கியாவுக்கு இரண்டு முறை குழுவோடு பேருந்தில் போய்வந்தேன் என்று சென்ற இதழில் ஒரு பதிலுக்கு நடுவில் சொல்லியிருந்தேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள்தான் இந்த முறை பக்கம் முழுக்க.

கேள்வி: நானும் மனைவியும் அறுபதைத் தாண்டியவர்கள். இஸ்தான்புல் போகிறோம். அங்கிருந்து கப்படோக்கியாவுக்கு ‘இரண்டு நாள் வழிகாட்டியுடன்’ என்று மலிவாக ஒரு பேருந்துச் சுற்றுலா கிடைக்கிறது. மகனோ, “விலை குறைவென்றால் ஏதோ கோளாறு இருக்கும்” என்கிறான். நம்பிப் போகலாமா?

பதில்: போகலாம் ஐயா. ஆனால் அந்த ‘இரண்டு நாள்’ என்பதைப் பிரித்துப் பாருங்கள். முதல் நாள் மாலை இஸ்தான்புல்லில் ஏறினால், பத்துப் பன்னிரண்டு மணி நேரம் இரவுப் பேருந்து. காலையில் இறங்கி, முகம் கழுவி, சிற்றுண்டி முடித்ததும் ஒன்பதரைக்கெல்லாம் சுற்றுலா வண்டி வந்து நிற்கும். அன்று இரவு மட்டும் ஓட்டலில் கட்டில். மறுநாள் முழுக்கச் சுற்றிவிட்டு, அப்படியே இரவுப் பேருந்தில் திரும்ப வேண்டும். மூன்று இரவில் ஒன்றுதான் கட்டிலில். விலை குறைவதற்குப் பாதிக் காரணம் இதுதான். இதில் ஏமாற்று எதுவும் இல்லை. உடம்பு தாங்குமா என்பதுதான் கேள்வி.

எனக்கு முதல் முறை ஐம்பத்தெட்டு வயது. முதல் நாள் பிற்பகல் பாஷாபா பள்ளத்தாக்கில், இரண்டு தலை, மூன்று தலை கொண்ட கல் கூம்புகள் எதிரே நிற்க, கண் சொருகிக்கொண்டு வந்தது. எந்தக் கல்லைப் பார்க்க அவ்வளவு தூரம் போனேனோ அதன் முன்னால் தூக்கக் கலக்கத்தில் நின்றேன். அந்த வருத்தம் இன்னும் இருக்கிறது. அதனால் உங்களுக்கு என் யோசனை: போகும்போது கய்செரிக்கோ நெவ்ஷெஹிருக்கோ விமானத்தில் போய்விடுங்கள், ஒன்றேகால் மணி நேரம்தான். கோரெமே ஊரில் இரண்டு இரவு தங்குங்கள். அங்கேயே பகல் சுற்றுலாவில் சேர்ந்துகொள்ளலாம். இஸ்தான்புல்லில் பணம் கட்டி வருகிறவர்களும் பெரும்பாலும் அதே வண்டியில்தான் ஏற்றப்படுகிறார்கள். அதே வழிகாட்டி, அதே மதிய உணவு. திரும்பும்போது வேண்டுமானால் பேருந்து. தூங்கி வழிந்தாலும் அப்போது இழப்பதற்கு ஒன்றுமில்லை.

பணம் கட்டும் முன் அந்த நிறுவனத்திடம் மூன்று கேள்வி கேளுங்கள். நுழைவுச்சீட்டுகள் கட்டணத்தில் சேர்த்தியா? ஒவ்வொரு இடத்திலும் எத்தனை நிமிடம் இறக்கிவிடுவீர்கள்? நடுவில் எத்தனை கடை? பத்து இடம், பன்னிரண்டு இடம் என்று பட்டியல் நீளமாக இருப்பதைப் பார்த்து மயங்காதீர்கள். பத்து நிமிடம் நின்று படம் எடுத்துவிட்டு ஏறும் இடமும் அந்தப் பட்டியலில் ஓர் இடம்தான். இறக்கிவிடும் நேரத்தை எழுத்தில் தருகிற நிறுவனம் சற்றுக் கூடுதலாகக் கேட்டாலும் கொடுத்துவிடுங்கள்.

கேள்வி: ‘சிவப்புச் சுற்று’, ‘பச்சைச் சுற்று’ என்கிறார்களே, ஒரு நாள்தான் இருந்தால் எது?

பதில்: சிவப்பு என்பது கோரெமேயைச் சுற்றிய பக்கத்து இடங்கள்: திறந்தவெளி அருங்காட்சியகம், உச்ஹிசார் பாறைக் கோட்டை, பாஷாபா, தெவ்ரெந்த், அவானோஸ். பச்சை என்பது தெற்கே தெரின்குயு நிலத்தடி ஊர், இஹ்லாரா பள்ளத்தாக்கு, செலிமே பாறை மடம். ஒரே நாளில் ஏறக்குறைய 200 கிலோமீட்டர்.

ஒரு நாள்தான் என்றால் பச்சை. தயங்காமல் சொல்கிறேன். சிவப்புச் சுற்றின் இடங்களில் பலவற்றுக்கு கோரெமேயிலிருந்து நடந்தோ உள்ளூர்ச் சிற்றுந்திலோ நீங்களே போய்விடலாம். அருங்காட்சியகம் ஊரிலிருந்து ஒன்றரைக் கிலோமீட்டர்தான். இஹ்லாராவுக்கும் செலிமேவுக்கும் சொந்த வண்டி இல்லாமல் ஒரே நாளில் போய்த் திரும்புவது கடினம். குழு வண்டி தன் கட்டணத்துக்கு நியாயம் செய்வது அங்கேதான்.

கேள்வி: நான் பதினோராம் வகுப்பு மாணவன். அந்தப் பாறைக் கூம்புகள் மனிதர்கள் செதுக்கியவையா, இயற்கையா?

பதில்: தம்பி, கூம்பு இயற்கை, உள்ளே இருக்கும் அறை மனிதன் குடைந்தது. முப்பது வருடம் புவியியல் நடத்தியவளுக்கு இதைவிட இனிய கேள்வி கிடையாது. கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

ஏறக்குறைய ஒரு கோடி ஆண்டுகளுக்கு முன்பிருந்து அந்த நிலப்பகுதியில் எரிமலைகள் திரும்பத் திரும்ப வெடித்துச் சாம்பலைக் கொட்டின. அந்தச் சாம்பல் படிந்து, இறுகி, மெத்தென்ற ஒரு கல்லாயிற்று, டஃப் என்பார்கள். அதன்மேல் அங்கங்கே எரிமலைக் குழம்பிலிருந்து வந்த கடினமான கல் படிந்தது. பிறகு மழையும் ஓடைகளும் பனி உறைந்து உருகுவதும் சேர்ந்து மெத்தென்ற கல்லைக் கரைத்துக்கொண்டே வந்தன. மேலே கடினக் கல் மூடியிருந்த இடத்தில் மட்டும் கீழே இருப்பது கரையாமல் தப்பியது. குடை பிடித்தவன் நனையாமல் நிற்பது போல. அதுதான் கூம்பு, அதன் தலையில் இருக்கும் கறுத்த கல்தான் குடை. துருக்கியில் அதற்குத் ‘தேவதைப் புகைபோக்கி’ என்று பெயர். என்றாவது அந்தத் தொப்பிக்கல் சரிந்து விழுந்துவிட்டால் கூம்பும் மெல்லக் கரைந்து போகும். போகிறபோது பார், தொப்பி இழந்தவை முனை கூர்ந்து சிறுத்திருக்கும்.

வழிகாட்டிகள் பனி மூடிய எர்ஜியஸ் மலையைக் காட்டி, ‘எல்லாச் சாம்பலும் இதிலிருந்து வந்ததுதான்’ என்பார்கள். 3,917 மீட்டர் மலை கண்ணெதிரே நிற்கும்போது அப்படிச் சொல்லத் தோன்றும். ஆனால் மிகப் பழைய சாம்பல் படிவுகள், இன்று நிற்கும் எர்ஜியஸ் எரிமலைக்கும், அந்தப் பகுதியின் இன்னொரு எரிமலையான ஹசன் மலைக்கும் முந்தியவை. அவற்றைக் கக்கிய வாய்கள் பிற்காலப் படிவுகளுக்கு அடியில் புதைந்துவிட்டன.

இந்தக் கல்லின் குணம் ஒன்று உண்டு. புதிதாக வெட்டும்போது மிருதுவாக இருக்கும்; காற்றுப் பட்டபின் மேற்பரப்பு இறுகும். வீட்டில் ஓர் அறை கூடுதலாக வேண்டுமென்றால் சுவரைக் குடைந்துகொண்டே போனால் போதும். கோரெமேயில் நான் தங்கிய விடுதி அறையின் சுவரில் உளி விழுந்த தடம் சாய்வுக் கோடுகளாக வரிசை வரிசையாக இருந்தது. விரலை அந்தக் கோட்டில் வைத்து இழுத்தால் மாவு போலப் பொடி ஒட்டும். உள்ளே சிறு சிறு வெண்கல் துணுக்குகள், நுரைக்கல். ஒன்றை எடுத்து நீரில் போட்டேன், மிதந்தது. பாறைகளைப் பற்றி எத்தனையோ படித்திருக்கிறேன். கையில் பொடி ஒட்டியபோதுதான் அது சாம்பல் என்பது உறைத்தது.

கேள்வி: எனக்கு முழங்கால் வலி, மூடிய இடம் என்றால் மூச்சு முட்டும். நிலத்தடி ஊருக்குள் போகலாமா?

பதில்: அம்மா, முதலில் அது எப்படிப்பட்ட இடம் என்று சொல்லிவிடுகிறேன். தெரின்குயு என்றால் ‘ஆழக் கிணறு’. 1963-இல் ஒருவர் வீட்டைச் செப்பனிடும்போது சுவருக்குப் பின்னால் வழி ஒன்று திறந்தது. 1969-இல் பொதுமக்களுக்கு விட்டார்கள். ஏறக்குறைய 85 மீட்டர் ஆழம் என்கிறார்கள். நமக்குத் திறந்திருப்பது அதில் ஒரு பகுதிதான். மேல்தளங்களில் தொழுவம், திராட்சை பிழியும் தொட்டி, களஞ்சியம். கீழே போகப் போகத் தங்கும் அறைகள், ஒரு கிறிஸ்தவக் கோயில். படை வந்தால் ஊரே மாடுகன்றுகளோடு உள்ளே இறங்கிக் கதவடைத்துக்கொள்ளும். கதவு என்பது நம் திருகைக்கல்லைப் பெரிதாக்கி நிமிர்த்தி வைத்ததுபோல ஒரு கல். நடுவில் துளைகூட அப்படியே. உள்ளே இருப்பவர்கள் உருட்டி அடைக்கலாம், வெளியிலிருந்து நகர்த்த முடியாது. நான் அதன் விளிம்பில் கை வைத்துப் பார்த்தேன். உருண்டு உருண்டு வழவழவென்று தேய்ந்திருந்தது.

உங்களுக்குச் சங்கடம் தரப்போவது ஆழமல்ல, நடுவில் வரும் படிவழிதான். குனிந்தபடியே இறங்க வேண்டும். ஒரே ஆள் போகும் அகலம். எதிரே ஒரு குழு ஏறி வந்தால் அவர்கள் முடியும்வரை முன்னாலும் பின்னாலும் ஆள் நிற்க, அசையாமல் காத்திருக்க வேண்டும். மூச்சு முட்டுகிறவருக்கு அந்தக் காத்திருப்புத்தான் கொடுமை. காற்றோட்டக் கிணறுகள் இருப்பதால் காற்றுக்குப் பஞ்சமில்லை. வெயில் காலத்திலும் உள்ளே குளிர்ச்சி, ஒரு சால்வை வேண்டும். முதல் தளத்தைப் பார்த்துவிட்டு மேலே வந்துவிடுகிறேன் என்று வழிகாட்டியிடம் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். என் குழுவில் ஓர் அம்மா அப்படித்தான் செய்தார். தொழுவம், தீனித்தொட்டி, மாடு கட்டப் பாறையில் போட்ட துளை எல்லாம் மேலேயே பார்த்துவிட்டார்.

இஹ்லாரா உங்களுக்கு ஒத்துவரும். ஏறக்குறைய 400 படி இறக்கம், முழங்கால் அதில் கொஞ்சம் முனகும். ஆனால் குழு வண்டிகள் பெரும்பாலும் ஆற்றோரமாக மூன்று நான்கு கிலோமீட்டர் நடக்கவைத்து பெலிசிர்மா கிராமத்தில் ஏற்றிக்கொள்கின்றன. படியேறித் திரும்ப வேண்டியதில்லை. ஊன்றுகோல் கொண்டுபோங்கள்.

கேள்வி: வழியில் கடைகளுக்கு அழைத்துப்போய் வாங்கச் சொல்வார்களாமே?

பதில்: உண்மை. கல் நகைக் கடை, கம்பளக் கூடம், தோல் ஆடைக் கடை இவற்றில் ஒன்றாவது வரும். விற்பனையில் ஒரு பங்கு சுற்றுலாவுக்கு வருவதும் கட்டணம் குறைவாக இருப்பதற்கு ஒரு காரணம். வாங்கியே ஆகவேண்டும் என்ற கட்டாயம் யாருக்கும் இல்லை. கொடுக்கும் தேநீரைக் குடித்துவிட்டு நன்றி சொல்லி வெளியே வந்து உட்காரலாம்.

முதல் பயணத்தில் எனக்கு நேர்ந்ததைச் சொல்கிறேன். தெவ்ரெந்த் பள்ளத்தாக்கில், ஒட்டகம் போன்ற பாறை எதிரே, இருபதே நிமிடம். அடுத்து நின்ற கல் கடையில் ஒரு மணி பத்து நிமிடம். கைக்கடிகாரத்தைப் பார்த்துப் பார்த்து எனக்கு ஆத்திரம் வந்தது. இரண்டாம் முறை போனபோது கிளம்புமுன்னே வழிகாட்டியிடம் தனியாகச் சொன்னேன்: “தம்பி, நான் கடையில் எதுவும் வாங்கமாட்டேன், பாறை பார்க்கத்தான் வந்தேன். பாறைக்குப் பக்கத்தில் கடைக்காக வண்டி நின்றால் என்னை நடக்க விடு.” அவர் சிரித்துவிட்டு, வண்டி கிளம்பும் நேரத்தைத் தாளில் எழுதிக் கொடுத்தார். அப்படிக் கிடைத்த ஐம்பது நிமிடத்தில் உச்ஹிசாருக்குக் கீழே இருக்கும் புறாப் பள்ளத்தாக்கின் ஓரம் முழுக்க நடந்தேன். பாறையில் குடைந்த நூற்றுக்கணக்கான புறா மாடங்கள். எச்சத்தைச் சேர்த்துத் திராட்சைத் தோட்டத்துக்கு உரமாக இட்டிருக்கிறார்கள்.

அவானோஸ் மட்டும் வேறு. அங்கே கிசிலிர்மாக், அதாவது ‘சிவப்பு ஆறு’, கொண்டுவரும் செம்மண்ணில் பானை வனைகிறார்கள். வாங்கினாலும் வாங்காவிட்டாலும் உதைத்துச் சுற்றும் சக்கரத்தின் பக்கத்தில் போய் நில்லுங்கள். காலால் உதைத்துக்கொண்டே கையால் மண்ணை எழுப்புவதை ஓர் எட்டுத் தொலைவில் பார்க்கலாம்.

கேள்வி: நாங்கள் சைவம். சாப்பாடு?

பதில்: பட்டினி கிடக்கமாட்டீர்கள். பருப்பு சூப், ரொட்டி, தயிர், கத்தரிக்காய், கீரை அல்லது பாலாடைக்கட்டி வைத்த கோஸ்லெமே எனும் மெல்லிய ரொட்டி எங்கும் உண்டு. சூப்பிலும் சோற்றிலும் இறைச்சிச் சாறு சேர்ப்பதுண்டு, அதனால் ‘எத்சிஸ்’ (இறைச்சி இல்லாதது) என்ற சொல்லோடு ‘எத் சுயு’ (இறைச்சிச் சாறு) என்பதையும் படித்துவைத்துக்கொண்டு கேளுங்கள். முன்பதிவிலேயே சொல்லிவிடுவது நல்லது.

கேள்வி: தனியாகப் போகும் பெண், இரவுப் பேருந்து பாதுகாப்பா?

பதில்: நான் இரண்டு முறையும் துணைக்கு யாருமில்லாமல் தனியாகப் போய்த்தான் குழுவில் சேர்ந்தேன். அங்கே தொலைதூரப் பேருந்துகளில் தனியாக வரும் பெண்ணுக்குப் பக்கத்தில் அறிமுகமில்லாத ஆணை உட்காரவைக்காமல் இடம் ஒதுக்கும் வழக்கம் உண்டு. சீட்டு எடுக்கும்போதே சொல்லுங்கள். சீட்டில் ‘நெவ்ஷெஹிர்’ என்றில்லாமல் ‘கோரெமே ஒட்டோகர்’ என்று போட்டிருக்கிறதா பாருங்கள். ஒட்டோகர் என்றால் பேருந்து நிலையம். விடியற்காலையில் நெவ்ஷெஹிரில் இறங்கவைத்து, வழிகாட்டுகிறேன் என்று யாராவது அழைத்தால் போகவேண்டாம். பேருந்து நிறுவனத்தின் சிற்றுந்து எது என்று கேட்டு அதில் ஏறுங்கள். அங்காராவைத் தாண்டி அக்சராய் வழியாகப் போகும் வண்டியானால் வலப்பக்கச் சன்னல் வாங்குங்கள். துஸ் ஏரி, உப்பு ஏரி, அந்தப் பக்கம். கோடையில் நீர் வற்றி, வெளிச்சம் வர வர அடிவானம் வரை வெள்ளை.

கேள்வி: வெப்பக்காற்று பலூன் இந்தக் கட்டணத்தில் சேருமா?

பதில்: சேராது, தனிச் செலவு. காற்று பலமாக இருந்தால் அனுமதி மறுத்துவிடுவார்கள், அதனால் முதல் காலைக்கே பதியுங்கள். ரத்தானால் மறுநாள் இருக்கும். ஏறாவிட்டாலும் விடியலில் ஊருக்கு மேலே இருக்கும் மேட்டில் நின்று பார்க்கலாம்.

கேள்வி: அந்தப் பாறை வீடுகளில் வாழ்ந்தவர்கள் எங்கே போனார்கள்?

பதில்: இதைக் கேட்ட வாசகிக்கு நன்றி. வழிகாட்டிகள் பெரும்பாலும் பாறையில் குடைந்த கிறிஸ்தவக் கோயில்களின் பத்தாம், பதினோராம் நூற்றாண்டுச் சுவரோவியங்களோடு கதையை நிறுத்திவிடுகிறார்கள். அந்த ஊர்களில் கிறிஸ்தவர்கள் 1920-கள் வரை வாழ்ந்தார்கள். 1923-இல் கிரீஸும் துருக்கியும் மத அடிப்படையில் மக்களைப் பரிமாறிக்கொள்ள ஒப்பந்தம் செய்தன. கப்படோக்கியாவின் கிறிஸ்தவர்களில் பலருக்கு வீட்டு மொழியே துருக்கிதான். அதை கிரேக்க எழுத்தில் எழுதினார்கள். அவர்களும் போக வேண்டியதாயிற்று. இஹ்லாராவுக்குப் பக்கத்தில் இருக்கும் குசெல்யுர்த் ஊரிலிருந்து போனவர்கள் கிரீஸில் ‘நேயா கார்வலி’, புதிய கார்வலி, என்று பழைய ஊர்ப் பெயரையே வைத்துக் குடியேறினார்கள். கிரீஸிலிருந்து துருக்கிக்கு அனுப்பப்பட்ட முஸ்லிம்களும் தங்கள் ஊரை விட்டுத்தான் வந்தார்கள்.

செலிமேயில் மடத்தின் பெரிய அறைகளுக்கு எல்லாரும் ஏறிப் போன பிறகு, கீழே ஒரு சமையலறையில் நின்றேன். சுவரில் கையகல மாடம், விளக்கு வைக்க. நம் வீட்டு விளக்கு மாடம் போலவேதான். அதற்கு மேலே கூரை வரை ஒரே புகைக்கறை. அடியில் ஒடுங்கி, மேலே போகப் போக விரிந்து, எண்ணெய் எரிந்த வடிவத்திலேயே படிந்திருந்தது. தொடவில்லை. வழிகாட்டி கீழேயிருந்து இரண்டாம் முறை கூப்பிட்ட பிறகுதான் இறங்கினேன்.